காட்டோரத்தில் வீடு, விடுதி நடத்தப் போகிறீர்களா? முதலில் குப்பைக்கு வழி செய்யுங்கள்

நீலகிரி, வால்பாறை, கொடைக்கானல், ஆனைகட்டி, தடாகம், மருதமலை அடிவாரம் என்று காட்டை ஒட்டிய ஊர்களில் புதிதாக வீடு வாங்குகிறவர்களும், நான்கைந்து அறைகளோடு தங்கும் விடுதி தொடங்குகிறவர்களும் பட்டா, கட்டட அனுமதி, தண்ணீர், மின் இணைப்பு எல்லாவற்றையும் துருவித் துருவி விசாரிக்கிறார்கள். குப்பை எங்கே போகும் என்று மட்டும் கேட்பதில்லை. பின்கட்டுக்குக் கரடி வந்து எண்ணெய் டின்னை உருட்டிய பிறகுதான் அந்தக் கேள்வி வரும். அதற்குள் கரடி வழி பழகியிருக்கும்.

நகரத்தில் இரவு 9 மணிக்கு வாசலில் வைத்த பை காலை 7 மணிக்கு வண்டியில் ஏறிவிடும். இடையில் நாய் கிழித்தால் உண்டு. காட்டோரத்தில் அந்தப் பத்து மணி நேரம்தான் யானையும் கரடியும் காட்டுப்பன்றியும் நடமாடும் நேரம். ஆகவே கீழே சொல்லியிருப்பதில் முக்கால்வாசி அந்தப் பத்து மணி நேரத்தைப் பற்றியது: பொழுது சாய்ந்த பிறகு உணவு வாசம் உள்ள எந்தப் பொருளும் கூரைக்கு வெளியே இருக்கக் கூடாது.

இதை வெறும் சுத்தப் பிரச்சினையாக நினைக்க வேண்டாம். 2025 மே மாதம் மருதமலை அடிவாரத்தில் ஒரு பெண் யானை விழுந்து இறந்தது. உடற்கூராய்வில் வயிற்றுக்குள் கருவும் இருந்தது, பிளாஸ்டிக் கழிவும் இருந்தது. பக்கத்திலேயே உள்ளாட்சியின் திறந்தவெளிக் குப்பைக் கிடங்கு. இலங்கையின் அம்பாறை மாவட்டத்துப் பள்ளக்காடு கிடங்கிலும் இதே கதைதான். அங்கேயும் குப்பையில் மேய்ந்த யானைகள் பிளாஸ்டிக்கை விழுங்கிச் செத்திருக்கின்றன.

1. முதல் வாரம்: எடை போடுங்கள், விசாரியுங்கள்

எதையும் வாங்குவதற்கு முன் ஒரு வாரம் குப்பையை எடை போடுங்கள். சில நூறு ரூபாய்க்குக் கிடைக்கும் தொங்கு தராசு போதும். சமையல் கழிவு, உலர் குப்பை இரண்டையும் தனித்தனியாகக் குறித்து வையுங்கள். நால்வர் இருக்கும் வீட்டில் சமையல் கழிவு நாளுக்கு ஒரு கிலோவைத் தாண்டுவது அபூர்வம். விடுதியானால் மூன்று வேளையும் சாப்பிடும் ஒருவருக்குக் காய்கறித் தோல், தேயிலைச் சக்கை, தட்டில் மிஞ்சியது எல்லாம் சேர்த்து அரைக் கிலோ வரை பிடித்துக்கொள்ளலாம். பத்துப் பேர் தங்கினால் 5 கிலோ. பின்னால் உரத் தொட்டி எத்தனை வேண்டும் என்பது இந்தக் கணக்கில்தான் நிற்கிறது. சுற்றுலாப் பருவத்தில் ஒரு வாரமும் மழைக்காலத்தில் ஒரு வாரமும் எடுத்தால் இன்னும் நல்லது.

அதே வாரத்தில் உள்ளாட்சி அலுவலகத்துக்குப் போய் ஐந்து கேள்விகளுக்குப் பதில் வாங்கி வாருங்கள்:

- வண்டி எந்தெந்தக் கிழமை, எத்தனை மணிக்கு வருகிறது? உங்கள் வாசல் வரை வருமா, முக்கு ரோட்டோடு திரும்பிவிடுமா?
- மக்கும் குப்பையை எடுக்கிறார்களா, உலர் குப்பை மட்டும்தானா?
- நாப்கின், டயப்பர் எடுக்கிறார்களா?
- கட்டணம் எவ்வளவு? ரசீது தருவார்களா?
- எடுத்த குப்பை கடைசியில் எங்கே போகிறது?

கடைசிக் கேள்வியைக் கேட்டால் சில அலுவலகங்களில் முகம் சுளிப்பார்கள். இருந்தாலும் கேளுங்கள். குன்னூர் ஓட்டுப்பட்டறையில் இருப்பதுபோல உலர் குப்பையைத் தரம் பிரித்துக் கட்டுக் கட்டி அனுப்பும் நிலையம் இருந்தால் உங்கள் வேலை பாதி குறையும். திறந்த கிடங்கில் கொட்டுகிறார்கள் என்றால், அதிலும் அது காட்டை ஒட்டி இருந்தால், உங்கள் வீட்டுச் சோறு அங்கே போகவே கூடாது. உங்கள் வாசலுக்கு யானை வராமல் பார்த்துக்கொண்டு, இரண்டு கிலோமீட்டர் தள்ளி அதற்குச் சோறு போட்டதாகத்தான் ஆகும்.

பக்கத்துத் தோட்டக்காரரிடமும் ஒரு வார்த்தை பேசுங்கள். எந்த விலங்கு, எந்த மாதம், எந்த வழியாக வரும் என்பது அவர்களுக்கு மனப்பாடம். வனச்சரக அலுவலகத்தின் எண்ணையும், உங்கள் பகுதி வனக்காப்பாளரின் எண்ணையும் அன்றைக்கே வாங்கிச் சமையலறைச் சுவரில் எழுதி ஒட்டுங்கள்.

2. நான்காகப் பிரியுங்கள், கழுவிய பிறகு

2016ஆம் ஆண்டின் திடக்கழிவு மேலாண்மை விதிகள் குப்பையை மூன்றாகப் பிரிக்கச் சொல்லின. 2026 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்த புதிய விதிகளில் அது நான்காகியிருக்கிறது: ஈரக் குப்பை, உலர் குப்பை, சுகாதாரக் கழிவு, தனிக் கவனம் தேவைப்படும் கழிவு. கடைசி வகையில் மருந்து, பல்பு, பேட்டரி, பெயிண்ட் டப்பா எல்லாம் அடங்கும். மூடியோடு நான்கு கூடை வையுங்கள். நிறத்தை மட்டும் நம்பாமல் ஒவ்வொன்றின் மேலும் தமிழில் எழுதி ஒட்டுங்கள். சமையலுக்கு வரும் அக்காவும் அறை துடைக்க வரும் பையனும் படிக்கிற மொழியில் இருக்க வேண்டும்.

பிரித்தால் மட்டும் போதாது. பெரும்பாலானோர் வழுக்குகிற இடம் இதற்குப் பிறகுதான் வருகிறது. யானையும் காட்டுமாடும் உப்புக்கு ஏங்கும் விலங்குகள். சாம்பார் ஒட்டிய பார்சல் பை, ஊறுகாய்ப் பொட்டலம், சிப்ஸ் கவர், பால் பாக்கெட் இவற்றையெல்லாம் உலர் குப்பை என்று ஒரு சாக்கில் கட்டி மாதக் கடைசி வரை வைத்தால், அந்தச் சாக்கே ஒரு தீனிப் பொட்டலம். விலங்குக்கு உறை வேறு, உள்ளே இருப்பது வேறு என்று தெரியாது.

இப்படிச் செய்யுங்கள்:

பால் பாக்கெட்டின் முனையை முழுதாக நறுக்கிவிடாதீர்கள். அந்தச் சின்ன முக்கோணத் துண்டு யார் கைக்கும் அகப்படாமல் மண்ணில்தான் போய்ச் சேரும். பாதி வெட்டித் துண்டு பாக்கெட்டோடு தொங்கும்படி விடுங்கள். பாலை ஊற்றியதும் மேல்புறத்தை முழுக்கக் கிழித்து விரித்து, பாத்திரம் கழுவிய மிச்சத் தண்ணீரில் அலசி, சமையலறைக்குள் கட்டிய கொடியில் கிளிப் மாட்டித் தொங்கவிடுங்கள். காய்ந்ததும் தட்டையாக அடுக்கினால் ஒரு மாதப் பாக்கெட் ஒரு செருப்புப் பெட்டிக்குள் அடங்கும். பழைய இரும்புக் கடைக்காரர் கழுவிய பால் கவரை எடைக்கு எடுப்பார், நாறுவதைத் தொடமாட்டார்.

ஓட்டலில் நூல் சுற்றித் தரும் சாம்பார், சட்னிப் பைகளை முடிச்சோடு எறிவது மிக மோசம். முடிச்சு அவிழாத பையை விலங்கு அப்படியே விழுங்கும். கத்தரியால் வெட்டித் திறந்து, அலசி, பிறகு போடுங்கள். நல்ல வழி தூக்குவாளி கொண்டுபோய் வாங்குவது. எடுத்துப் போனால் எந்தக் கடையும் மாட்டேன் என்று சொல்வதில்லை.

சிப்ஸ், பிஸ்கட் கவர் போன்ற உள்ளே பளபளக்கும் உறைகளைப் பழைய கடையில் எடுக்கமாட்டார்கள். அவற்றைத் தனிப் பையில் சேர்த்து உள்ளாட்சி வண்டியில் கொடுங்கள். ஒழுங்காக நடக்கும் ஊர்களில் இவை சிமென்ட் ஆலைகளுக்கு எரிபொருளாகப் போகின்றன. நீங்களே கொல்லையில் கொளுத்துவது சட்டப்படி குற்றம். கொளுத்தினாலும் முழுதாக எரியாது. பாதி உருகிய பையில் சோறு ஒட்டியபடியே கிடக்கும்.

3. சமையலறை, சரக்கு அறை

குப்பையைக் கட்டிக் காத்துவிட்டு அரிசி மூட்டையை ஜன்னலோரம் சாய்த்து வைத்தால் பயனில்லை. கூடலூர் பக்கம் பிஎம்-2 என்று பெயரிடப்பட்ட யானை அரிசிக்காக வீடுகளை இடித்துப் பழகி, 2022 டிசம்பரில் பிடிக்கப்பட்டு இடம் மாற்றப்பட்டது. கேரளத்தின் சின்னக்கானலில் ரேஷன் அரிசிக்குப் பேர்போன அரிக்கொம்பன் என்ற யானையை 2023இல் இரண்டு முறை மயக்க ஊசி போட்டுப் பிடித்து, கடைசியில் களக்காடு முண்டந்துறையில் கொண்டுபோய் விட்டார்கள். தடாகம் பள்ளத்தாக்கில் தவிடும் புண்ணாக்கும் வைத்த மாட்டுக்கொட்டகைச் சுவர்தான் முதலில் விழும்.

அரிசி, உப்பு, வெல்லம், தவிடு, புண்ணாக்கு எல்லாம் இரும்பு வளையம் போட்டு இறுக்கும் மூடியுள்ள டிரம்மில் இருக்கட்டும். 50 லிட்டர் அளவு கையாள எளிது. பழைய டிரம் மலிவாகக் கிடைக்கும். ஆனால் முன்பு அதில் என்ன இருந்தது என்று தெரியாத டிரம்மில் உணவுப் பொருள் வைக்காதீர்கள். அதைக் குப்பைக்கு வைத்துக்கொள்ளலாம். டிரம்கள் காடு பார்த்த வெளிச் சுவரோரம் இருக்கக் கூடாது. வீட்டின் நடுப்பகுதி அறைதான் சரி. ஒரு மாதச் சரக்கை மொத்தமாக வாங்கி வைப்பதைவிட வாரச் சரக்கு பாதுகாப்பு.

கோத்தகிரி, குன்னூர்ப் பக்கம் கரடிக்கு எண்ணெய் மேல் தீராத ஆசை. டீக்கடைக் கதவை உடைக்கும், கோயில் விளக்கு எண்ணெயைக் குடிக்கும். வீட்டு வாசல் மாடத்தில் விளக்கேற்றுகிறவர்கள் இரவில் அகலை உள்ளே எடுத்து வைத்துவிடுங்கள். பொரித்த பழைய எண்ணெயைச் சாக்கடையில் ஊற்றாமல் திருகு மூடி டின்னில் வடித்து உள்ளே பூட்டி வையுங்கள். அளவு சேர்ந்ததும் அனுமதி பெற்ற சேகரிப்பாளரிடம் கொடுத்து ரசீது வாங்கலாம்.

கழனித் தண்ணீரையும் சோற்றுக் கஞ்சியையும் கொல்லைப்புற வாழைக்கு ஊற்றும் பழக்கத்தைக் காட்டோரத்தில் விட்டுவிடுங்கள். பாத்திரம் கழுவும் தண்ணீர் திறந்த வாய்க்காலில் ஓடினால், வடிகட்டும் சல்லடையும் மூடியிட்ட எண்ணெய்ப் பிடிப்புத் தொட்டியும் அவசியம். வாரம் ஒருமுறை அதை வழித்து எடுக்க வேண்டும், அதுவும் பகலில்.

4. உரத் தொட்டி

ஊரில் எல்லோரும் செய்வதுபோல் குழி வெட்டிக் கொட்டி மண் போடுவது இங்கே எடுபடாது. காட்டுப்பன்றி ஒரே இரவில் கிளறிப்போடும். முள்ளம்பன்றியும் நாயும் மிச்சத்தைப் பார்த்துக்கொள்ளும். மூடிய டிரம், அதைச் சுற்றிக் கம்பிவலை அறை என்பதே பெரும்பாலோருக்குப் பொருந்தும்.

இடம்: நாற்றம் வரும் என்று பயந்து எல்லோரும் மனையின் கடைக்கோடியில் வைக்கிறார்கள். அந்தக் கடைக்கோடிதான் காட்டுப்பக்கம். உரத் தொட்டி சாலைப்பக்கம், ஆள் நடமாட்டமும் விளக்கும் உள்ள இடத்தில், சமையலறையிலிருந்து இருபது அடிக்குள் இருக்கட்டும். பக்கத்தில் இருந்தால்தான் தினமும் கவனிப்பீர்கள். யானை லத்தியோ கால்தடமோ கண்ட வழித்தடத்தில் வைக்கவே வேண்டாம்.

அறை: 6 அடிக்கு 8 அடி, தரையில் கான்கிரீட், மேலே தகரம், நான்கு புறமும் ஓர் அங்குலக் கண் உள்ள வெல்டு மெஷ். வலையை ஓரடி ஆழம் மண்ணுக்குள் இறக்கிப் பதியுங்கள், இல்லையென்றால் பன்றி அடியில் தோண்டும். கதவுக்கு வெறும் கொக்கி போதாது. நாட்டுக் குரங்கு இரண்டே நாளில் கற்றுக்கொள்ளும். தாழ்ப்பாளும் பூட்டும் போடுங்கள். இது யானையைத் தடுக்குமா என்றால், தடுக்காது. யானை நினைத்தால் எந்த வலையும் நிற்காது. வலை மற்ற விலங்குகளுக்கு. யானைக்கு வாசம் வராமல் இருப்பது ஒன்றுதான் காவல்.

டிரம்: 200 லிட்டர் நீல டிரம், பக்கவாட்டில் சாண் இடைவெளியில் விரல் நுழையும் அளவு துளைகள், உள்பக்கம் கொசுவலை. அடியில் ஒரு துளையும் குழாயும் வைத்து, இரண்டு செங்கல் உயரத்தில் நிறுத்துங்கள். வடியும் கருநீரை வாளியில் பிடித்துப் பத்து மடங்கு தண்ணீர் கலந்து பகலில் செடிக்கு ஊற்றலாம். தரையில் ஓடவிட்டால் அந்த வாசமே போதும்.

எத்தனை டிரம்? நாளுக்கு 5 கிலோ ஈரக் குப்பை ஏறத்தாழ 10 லிட்டர் இடம் பிடிக்கும். அதே அளவு காய்ந்த பொருள் சேர்ந்தால் 20 லிட்டர். போடப் போட அமுங்கும் என்பதால் ஒரு டிரம் நிரம்ப 15 நாளாவது ஆகும். நிரம்பிய டிரம் உரமாக அடிவாரத்தில் 60 நாள், ஊட்டி, கொடைக்கானல் குளிரில் 90 நாள் வரை வேண்டும். அப்படியானால் மக்கிக்கொண்டிருப்பவையும் நிரம்பிக்கொண்டிருக்கும் ஒன்றும் சேர்த்து அடிவாரத்தில் 5 டிரம், மலை உச்சியில் 7. இரண்டே டிரம் வாங்கி ஆரம்பிக்கிறவர்கள் ஒரு மாதத்தில் இடமில்லாமல் வெளியே கொட்டத் தொடங்குவார்கள். பெரும்பாலான திட்டங்கள் இங்கேதான் செத்துப்போகின்றன. சாண எரிவாயுக் கலன் வைக்கலாமே என்பார்கள். அடிவாரத்தில் நன்றாக வேலை செய்யும். ஊட்டி டிசம்பரில் 15 டிகிரிக்குக் கீழே போனால் வாயு உற்பத்தி படுத்துவிடும்.

போடும் முறை: அடியில் அரை அடிக்குத் தேங்காய் மட்டை, சுள்ளி. அதன்மேல் ஒரு கைப்பிடி பழைய உரம் அல்லது சாணக் கரைசல். அப்புறம் தினமும் ஒரு வாளி ஈரக் குப்பைக்கு ஒரு வாளி, மழைக்காலத்தில் ஒன்றரை வாளி காய்ந்த பொருள்: சருகு, தென்னை நார்க்கழிவு, மரத்தூள். தோல்களை இரண்டு அங்குலத்துக்குள் நறுக்கிப் போட்டால் வேகம் கூடும். வாழைப்பழத் தோல், அன்னாசி, மாம்பழக் கொட்டை போன்ற மணம் தூக்கும் பொருளை நடுவில் புதைத்து, மேலே நான்கு விரற்கடைக்குச் சருகு மூடுங்கள். மேல்பரப்பில் உணவு கண்ணுக்குத் தெரியக் கூடாது. போடும் நேரம் காலை. இரவுச் சாப்பாட்டு மிச்சத்தை மூடிய வாளியில் சமையலறைக்குள் வைத்துக் காலையில் போடுங்கள்.

சருகை மார்ச், ஏப்ரலிலேயே சாக்குகளில் கட்டிச் சேர்த்து வையுங்கள். ஜூனில் மழை பிடித்துக்கொண்டால் காய்ந்த இலைக்கு எங்கே போவது? மலையில் உரம் நாறுவதற்குப் பாதிக் காரணம் இந்தச் சருகுத் தட்டுப்பாடுதான். சில்வர் ஓக் இலை நிறையக் கிடைக்கும், ஆனால் மெதுவாகத்தான் மக்கும். நொறுக்கிப் போடுங்கள்.

கையில் ஒரு பிடி எடுத்துப் பிழிந்தால் ஒன்றிரண்டு சொட்டு வர வேண்டும். ஒழுகினால் ஈரம் அதிகம், உதிர்ந்தால் குறைவு. ஓர் இரும்புக் கம்பியை நடுவில் செருகி ஐந்து நிமிடம் கழித்து உருவுங்கள். கைதாங்காத சூடாக இருந்தால் வேலை நடக்கிறது. அழுகிய முட்டை நாற்றம் என்றால் காற்றில்லை: கிளறிச் சருகு சேருங்கள். மூக்கைக் குத்தும் அமோனியா வாடை என்றால் பச்சைப் பொருள் அதிகம்: மரத்தூள் போடுங்கள். தடித்த சாம்பல் நிறப் புழுக்கள் நெளிந்தால் மிரள வேண்டாம். அவை குப்பையை வேகமாகத் தின்னும் ஈயின் புழுக்கள், நோய் பரப்புபவை அல்ல. மேலே சருகு போட்டால் உள்ளே போய்விடும். எறும்பு மொய்த்தால் காய்ந்துவிட்டது என்று பொருள், தண்ணீர் தெளியுங்கள்.

5. எலும்பு, மீன், பலாப்பழம்

எலும்பு, மீன் செதில், முட்டைக் குழம்பு மிச்சம், தயிர், எண்ணெய்ப் பதார்த்தம் எதுவும் உரத் தொட்டிக்குப் போகக் கூடாது. கரடி ஒருபுறம், நாய் வரும், நாயைத் தேடிச் சிறுத்தை வரும். தெருநாய்களுக்கு இரக்கப்பட்டுப் பின்வாசலில் எலும்பு வைக்கிறவர்கள் உண்மையில் சிறுத்தைக்குப் பந்தி விரிக்கிறார்கள்.

நடைமுறையில் ஒத்து வருகிற வழி: பழைய குளிர்பெட்டி ஒன்றின் உறைபெட்டியை இதற்கென்று ஒதுக்குங்கள். அன்றன்றைய எலும்பையும் மீன் கழிவையும் மூடி டப்பாவில் போட்டு உறைய வைத்து, வண்டி வரும் நாள் காலையில், வண்டிச் சத்தம் கேட்ட பிறகு எடுத்துக் கொடுங்கள். உறைந்த பொருளின் வாசம் அவ்வளவாக வெளியே வராது. கேட்க அருவருப்பாக இருக்கும். ஒரு வாரத்தில் பழகிவிடும். வாரம் ஒருமுறை மட்டும் வண்டி வரும் ஊரில் வேறு வழியும் இல்லை. உங்கள் ஊர்க் கிடங்கு திறந்த கிடங்கு என்றால் அசைவத்தைக் குறைப்பதே சரி. விடுதியில் அசைவம் வாரத்தில் இரண்டு நாள் மட்டும் என்று முடிவெடுத்தவர்களுக்குத் தொல்லை பாதியாகக் குறைகிறது.

தோட்டத்தில் பலா இருந்தால் பழுக்கும் முன் காயாகவே இறக்கிவிடுங்கள். பலாப்பழ வாசத்துக்கு யானை எத்தனை தூரமும் வரும். சக்கையை வீட்டோரம் குவிக்காதீர்கள்.

6. பாட்டில்

காட்டில் எறிந்த கண்ணாடி பாட்டில் உடைந்தால் யானையின் உள்ளங்காலைக் கிழிக்கும். காயம் புழுவைத்து, நடக்க முடியாமல் சாகும்வரை போகும். இதனால்தான் சென்னை உயர் நீதிமன்றத்தின் வழிகாட்டுதலில் 2022 மே 15 முதல் நீலகிரியில் டாஸ்மாக் பாட்டிலுக்கு 10 ரூபாய் கூடுதலாக வாங்கி, காலி பாட்டிலைத் திருப்பினால் அந்தப் 10 ரூபாயைத் தருகிறார்கள். பிறகு மற்ற மாவட்டங்களுக்கும் படிப்படியாக வந்தது.

விடுதிக்காரர்கள் கவனிக்க வேண்டியவை: பாட்டிலில் ஒட்டிய வில்லை (ஸ்டிக்கர்) கிழியக் கூடாது, தண்ணீரில் ஊறவைத்தால் உரிந்துவிடும். வாங்கிய கடையிலேயே திருப்பினால் இழுபறி இருக்காது. பக்கத்து மாநிலத்திலிருந்து விருந்தினர் கொண்டுவரும் பாட்டிலுக்கு வில்லை இருக்காது. அதை உடையாமல் பழைய கடைக்குக் கொடுங்கள். ஒவ்வோர் அறையிலும் வெறும் மரப்பெட்டி ஒன்று வைத்து, "காலி பாட்டில் இங்கே" என்று எழுதிவிட்டால் போதும். திருப்பிக் கிடைக்கும் காசை அறை துடைக்கிறவருக்கே கொடுத்துவிடுங்கள். அப்புறம் தோட்டத்தில் ஒரு பாட்டிலையும் நீங்கள் தேட வேண்டியிருக்காது.

7. விருந்தினரிடம் முன்கூட்டியே சொல்லுங்கள்

நீலகிரியில் 5 லிட்டருக்குக் குறைவான பிளாஸ்டிக் தண்ணீர் பாட்டிலுக்குத் தடை. கொடைக்கானலில் அத்தகைய பாட்டில் ஒன்றுக்கு 20 ரூபாய் பசுமைக் கட்டணம். இரண்டு ஊருக்கும் 2024 மே 7 முதல் இ-பாஸ் வேண்டும். தமிழ்நாடு முழுவதும் 2019 ஜனவரி 1 முதல் 14 வகைப் பொருள்களுக்குத் தடை இருக்கிறது. அதில் பிளாஸ்டிக் பூச்சுள்ள காகிதக் கப்பும், துணிபோலத் தெரியும் நெய்யாத பைகளும் உண்டு என்பது பலருக்குத் தெரியாது. காகிதக் கப் என்று நம்பி வாங்கி வைத்து அபராதம் கட்டுகிறார்கள்.

அறை பதிவு செய்தவுடன் வாட்ஸ்அப்பில் நான்கு வரி அனுப்புங்கள்: இ-பாஸ் எடுங்கள், தண்ணீர் பாட்டில் வேண்டாம், சுடுநீர், வடிகட்டிய நீர் அறையில் உண்டு, மாலை 6 மணிக்கு மேல் வெளியே உணவு வைக்கக் கூடாது. சோதனைச் சாவடியில் பாட்டிலைப் பறிகொடுத்துவிட்டு எரிச்சலோடு வரும் விருந்தினரைச் சமாளிப்பதைவிட இது சுலபம்.

வாழை இலை, பாக்குமட்டைத் தட்டு மக்கும்தானே, வெளியே போட்டால் என்ன என்ற நினைப்பு ஆபத்தானது. சாம்பார் ஊறிய இலையைவிட யானைக்கும் காட்டுமாட்டுக்கும் பிடித்தது வேறில்லை. அன்றாடத்துக்கு எவர்சில்வர் தட்டே போதும். இலை போட்டால் உடனே நறுக்கி மூடிய வாளியில் போட்டு, காலையில் உரத் தொட்டிக்குள். நெருப்பு மூட்டி இறைச்சி சுடும் விருந்து வைத்தால், எலும்பையும் கரிந்த துண்டையும் அன்றிரவே டார்ச் அடித்துப் பொறுக்க வேண்டும். "காலையில் பார்த்துக்கலாம்" என்றால் காலையில் பொறுக்க எதுவும் இருக்காது.

8. நாப்கின், டயப்பர், மருந்து

செய்தித்தாளில் சுற்றிச் சிவப்புப் புள்ளி வைத்து, மூடிய தொட்டியில் சேர்த்து வண்டியில் கொடுங்கள். கழிவறைத் தொட்டிக்கும் உரத்துக்கும் போகக் கூடாது. ரேசர் பிளேடு, ஊசிகளைத் தகர டப்பாவில் போட்டு, நிரம்பியதும் மூடியை ஒட்டிக் கொடுங்கள்.

9. கோப்பும் செலவும்

ஒரு கோப்பில் இவற்றை வைத்திருங்கள்: உள்ளாட்சிக் கட்டண ரசீதுகள், பழைய கடைக்குக் கொடுத்த நாள், எடை எழுதிய நோட்டு, பழைய எண்ணெய் ரசீது, கழிவறைத் தொட்டி உறிஞ்சிய வண்டியின் ரசீது, உணவுப் பாதுகாப்புப் பதிவுச் சான்று. மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் இசைவு உங்கள் விடுதிக்குத் தேவையா என்பதை மாவட்டச் சுற்றுச்சூழல் பொறியாளர் அலுவலகத்தில் எழுத்தில் கேட்டு, பதிலையும் அதே கோப்பில் வையுங்கள். வாய்ச்சொல் அடுத்த அதிகாரி வந்தால் செல்லாது. நாளுக்கு 100 கிலோவுக்கு மேல் குப்பை சேர்ந்தால் பெருங்குப்பை உருவாக்குபவர் என்ற கணக்கில் வந்துவிடுவீர்கள். அதற்குத் தனிப் பதிவும் பொறுப்பும் உண்டு. நான்கைந்து அறை விடுதி அந்த அளவைத் தொடாது.

செலவில் பெரியது கம்பிவலை அறைதான். மலைக்கு மேலே மணல், சிமென்ட் ஏற்றுக்கூலியைப் பொறுத்துச் சில பத்தாயிரங்கள் ஆகும். கட்டட வேலையோடு சேர்த்துச் செய்தால் கூலி மிச்சம். பழைய டிரம்கள், கூடைகள், தராசு, பூட்டு எல்லாம் சேர்ந்தாலும் அறையின் செலவை எட்டாது. மறந்துவிடும் செலவு ஆள் கூலி: தினமும் முக்கால் மணி நேர வேலை இது. "சும்மா நேரம் கிடைக்கும்போது பார்" என்று சமையற்காரரிடம் சொன்னால் நடக்காது. சம்பளத்தில் ஒரு தொகையை இதற்கென்று தனியாகச் சேர்த்துச் சொல்லுங்கள்.

10. விலங்கு ஏற்கெனவே வந்து பழகியிருந்தால்

பட்டாசு, தீப்பந்தம், கல் எதுவும் வேண்டாம். 2021 ஜனவரியில் மசினகுடி பக்கம் எரியும் டயரை வீசியதில் ஒரு யானை இறந்து, விடுதிக்காரர்கள் மீது வழக்கு பாய்ந்தது. விளக்கைப் போட்டு, உள்ளே இருந்தபடி வனத்துறைக்குச் சொல்லுங்கள். மறுநாள் பகலில் அது எதைத் தின்றது என்று பாருங்கள். தின்ற பொருளை அகற்றி, அந்த இடத்தைச் சாணமும் சுண்ணாம்பும் கலந்து கழுவுங்கள். மறுபடி ஒன்றும் கிடைக்காது என்று அதற்குப் புரியச் சில வாரங்கள் ஆகலாம். இடையில் ஒரு நாள் சறுக்கினாலும் கணக்கு மறுபடி முதலிலிருந்து.

மின்வேலி போடலாமா என்று கேட்பவர்களுக்கு: தமிழ்நாடு மின்வேலிகள் பதிவு மற்றும் ஒழுங்குமுறை விதிகள் 2023இல் வந்துவிட்டன. காப்புக்காட்டை ஒட்டிய நிலத்தில் சூரிய மின்வேலிக்கு முன் அனுமதி வேண்டும், பழைய வேலியைப் பதிவு செய்ய வேண்டும். வீட்டு மின்சாரத்தை நேரடியாகக் கம்பியில் கொடுத்தால் யானை சாகும், மனிதரும் சாவார், நீங்கள் சிறைக்குப் போவீர்கள். வேலிக்குச் செலவழிக்கும் பணத்தில் பாதியை உரக் கூடத்துக்குச் செலவழித்தால் வேலியின் தேவையே பெரும்பாலும் வராது.

கட்டட வேலை இன்னும் முடியாதவர்களுக்கு ஒன்று. விலங்குகள் உங்கள் மனைக்குப் பழகுவது நீங்கள் குடியேறிய பிறகு அல்ல, வேலையாட்கள் கொட்டகை போட்டுத் தங்கும் அந்த ஆறேழு மாதத்தில்தான். அங்கே அரிசி மூட்டை தார்ப்பாய்க்குள் இருக்கும், மிஞ்சிய சோறு கொட்டகைக்குப் பின்னால் போகும். மேஸ்திரியிடம் ஒப்பந்தம் பேசும்போதே இரண்டு பூட்டு டிரம்மும், வாரம் இருமுறை குப்பை எடுக்கும் செலவும் வீட்டுக்காரரான உங்கள் பொறுப்பு என்று சொல்லி எழுதிவிடுங்கள். வலை அறையையும் உரத் தொட்டியையும் அஸ்திவாரத்தோடு முதலில் கட்டிக் கொடுங்கள், கடைசியில் அல்ல.